உரிமையியல் மேல்முறையீட்டில் நீதிமன்றக் கட்டணக் கடப்பாடு: பெருமுக்கல் – திண்டிவனம் வட்டாரத்தை முன்வைத்து ஒரு வரலாற்று நோக்கு

ஆய்வுச் சுருக்கம்

உரிமையியல் வழக்கில் தோற்றவர் மேல்முறையீடு செய்ய விரும்பினால், அதே வழக்குப்பொருளுக்கு முதல் நீதிமன்றத்தில் செலுத்த வேண்டிய கட்டணத்தை மீண்டும் முழுமையாகச் செலுத்த வேண்டும். அவர் வழக்கைத் தொடுத்த வாதியாயினும், வழக்கிற்கு இழுக்கப்பட்ட பிரதிவாதியாயினும் இவ்விதி ஒன்றே. இக்கடப்பாடு எந்த நோக்கத்தில் தோன்றியது, அந்நோக்கம் பின்னாளில் எவ்வாறு மாறியது, மாறிய பின்னும் மேல்முறையீட்டு விதி ஏன் பழைய வடிவிலேயே நிற்கிறது என்னும் வினாக்களை இக்கட்டுரை ஆராய்கிறது. திண்டிவனத்தை அடுத்த பெருமுக்கல் போன்ற சிற்றூரின் நிலவழக்கு இவ்வாய்வுக்கு அளவுகோலாகக் கொள்ளப்படுகிறது.

திறவுச்சொற்கள்: நீதிமன்றக் கட்டணம், மேல்முறையீடு, பெருமுக்கல், திண்டிவனம், தென்னார்க்காடு, வழக்கு மதிப்பீடு, வறியவர் வழக்கு.

முன்னுரை

திண்டிவனத்திலிருந்து மரக்காணம் செல்லும் வழியில் அமைந்த ஊர் பெருமுக்கல். குன்றின் மேலுள்ள சிவன் கோயிலாலும் கோட்டையாலும் வரலாற்று ஆய்வாளர்களுக்கு அறிமுகமான ஊர் இது. கர்நாடகப் போர்க்காலத்தில், 1760இல், கர்னல் கூட் தலைமையிலான ஆங்கிலப்படை இக்கோட்டையைப் பிரெஞ்சுக்காரர்களிடமிருந்து கைப்பற்றியது. ஆங்கிலேயரின் போர்க் குறிப்புகளில் இவ்வூர் ‘பெர்மாகோயில்’ எனத் திரிந்து காணப்படுகிறது.

கோட்டைக்கான போர்கள் ஓய்ந்த பின் இவ்வட்டார மக்களின் பூசல்கள் நீதிமன்றப் படிகளை நாடின. வரப்பு, கிணற்றுப் பங்கு, பாகப்பிரிவினை, கிரயப் பத்திரம், கடன் பத்திரம் ஆகியவை பற்றிய வழக்குகள் திண்டிவனம் முன்சீப் நீதிமன்றத்தில் தொடங்கி மேலே செல்பவை. தென்னார்க்காடு மாவட்டத்தின் தலைநகர் கடலூராக இருந்த காலத்தில் அப்பாதை கடலூரை நோக்கியது. 1993 செப்டம்பர் 30 அன்று மாவட்டம் பிரிக்கப்பட்ட பின் விழுப்புரம் தலைநகராயிற்று. திண்டிவனத்திலேயே மாவட்ட உரிமையியல் நீதிமன்றமும் சார்பு நீதிமன்றமும் இயங்குகின்றன. இரண்டாம் மேல்முறையீடு மட்டும் சென்னை உயர்நீதிமன்றத்துக்குச் செல்கிறது. ஆகவே தொலைவு என்னும் தடை காலப்போக்கில் குறைந்தது. கட்டணம் என்னும் தடை அதே அளவு குறைந்ததா என்பதே இங்கு எழும் வினா.

1. வழக்காடும் மரபும் நுழைவுக் கட்டணமும்

இவ்வட்டாரத்தின் மிகப் புகழ்பெற்ற வழக்கு பெரியபுராணத்தில் இடம்பெறுகிறது. புத்தூரில் சுந்தரரின் திருமணத்தைத் தடுத்த முதியவர், சுந்தரர் தமக்கு அடிமை என்று ஓலை காட்டி உரிமை கோருகிறார். படியோலை கிழிக்கப்படவே, இன்றைய விழுப்புரம் மாவட்டத்தைச் சேர்ந்த திருவெண்ணெய்நல்லூர் அவையில் மூல ஓலையை முன்வைக்கிறார். அவையோர் சுந்தரருடைய பாட்டனாரின் கையெழுத்தை அவர் எழுதிய வேறோர் ஓலையோடு ஒப்பிட்டு முடிவு கூறுகின்றனர். மூல ஆவணம், படி, கையெழுத்து ஒப்பீடு ஆகிய சான்றுக் கூறுகள் யாவும் அமைந்த இவ்வழக்கில், அவையை அணுகுவதற்குப் பொருள் செலுத்தியதாகக் குறிப்பில்லை. இலக்கியம் கூறாது விட்டதை வரலாற்றுச் சான்றாகக் கொள்வது முறையன்று. எனினும் சேக்கிழார் காலத்துக் கேட்போர் ஒரு வழக்கை எவ்வாறு மனத்தில் உருவகித்தனர் என்பதை இப்பகுதி காட்டுகிறது.

சோழர் கால ஆவணங்கள் ‘மன்றுபாடு’, ‘தண்டம்’ முதலிய வருவாய்ப் பெயர்களைச் சுட்டுகின்றன. இவற்றை நீதி அவைகள் விதித்த தண்டத்தொகை என ஆய்வாளர் கொள்வர். அவ்வாறாயின், நீதி வழங்கலால் அரசுக்கு வருவாய் வந்தது உண்மை. ஆனால் அது குற்றம் மெய்ப்பிக்கப்பட்ட பின் பெறப்பட்டது. வழக்கைக் கேட்பதற்கு முன் பெறும் தொகையன்று. முன்கட்டணம், பின்தண்டம் என்னும் இவ்வேறுபாடு அடுத்து வரும் வரலாற்றைப் புரிந்துகொள்ளத் தேவையானது.

2. தடையாகத் தோன்றிய கட்டணம்

வங்காளத்தில் 1793இல் காரன்வாலிஸ் நீதிமன்றச் சீர்திருத்தத்தை மேற்கொண்டபோது வழக்குக் கட்டணத்தை நீக்கினார். வழக்குகள் பெருகித் தேங்கின. இரண்டே ஆண்டுகளில், ஜான் ஷோர் தலைமை ஆளுநராக இருந்த காலத்தில், 1795ஆம் ஆண்டின் 38ஆம் ஒழுங்குமுறைச் சட்டம் கட்டணத்தை மீண்டும் புகுத்தியது. அடிப்படையற்ற வழக்குகளைத் தடுப்பதே அதற்குக் கூறப்பட்ட காரணம். அதே 1795இல் இங்கிலாந்தில் ஜெரமி பெந்தம் சட்ட வரிகளை எதிர்த்து எழுதிய நூல் வெளிவந்தது என்பது கருதத்தக்கது. நீதியின் மீது விதிக்கப்படும் வரி, அதனைச் செலுத்த இயலாதவருக்கு நீதி மறுப்பாகவே முடியும் என்பது அவர் வாதம்.

சென்னை மாகாணத்தில் 1802ஆம் ஆண்டின் ஒழுங்குமுறைச் சட்டங்கள் ஜில்லா நீதிமன்றங்களை நிறுவின. 1816இல் தாமஸ் மன்றோவின் பரிந்துரைகளின் வழியே கிராம முன்சீப், மாவட்ட முன்சீப் அமைப்புகள் உருவாயின. நீதிமன்றம் ஊருக்கு அருகே வரவேண்டும் என்பது மன்றோவின் நோக்கம். அருகில் வந்த நீதிமன்றத்தின் வாயிலிலும் கட்டணம் நின்றது.

1835இல், தலைமை ஆளுநர் அவையின் சட்ட உறுப்பினராயிருந்த மெக்காலே, 1795ஆம் ஆண்டுச் சட்டத்தின் முகவுரையைக் கடுமையாக மறுத்துக் குறிப்பெழுதினார். கட்டணம் நேர்மையான வழக்கையும் நேர்மையற்ற வழக்கையும் பிரித்தறியாது. அது பிரித்தறிவது பணம் உள்ளவரையும் இல்லாதவரையும் மட்டுமே என்பது அவர் மறுப்பின் சாரம். எனினும் கட்டணம் நீடித்தது. 1860, 1862, 1867 ஆகிய ஆண்டுகளின் முத்திரைச் சட்டங்கள் அதனை ஒழுங்குபடுத்தின. 1867ஆம் ஆண்டுச் சட்டம் விதித்த வீதங்கள் வழக்காடுவோரை ஒடுக்குவதாக அரசே உணர்ந்தது. அதன் விளைவாக 1870ஆம் ஆண்டின் 7ஆம் சட்டமாகிய நீதிமன்றக் கட்டணச் சட்டம் இயற்றப்பட்டது.

3. 1870ஆம் ஆண்டுச் சட்டத்தின் ஏறுமாறான சுமை

1870ஆம் ஆண்டுச் சட்டத்தின் முதல் அட்டவணை வழக்கு முறையீட்டுக்கும் மேல்முறையீட்டு மனுவுக்கும் ஒரே வீதத்தை வகுத்தது. வழக்கு மதிப்பில் முதல் 100 ரூபாய் வரை ஒவ்வோர் 5 ரூபாய்க்கும் 6 அணா. 100 ரூபாய்க்கு மேல் 1,000 ரூபாய் வரை ஒவ்வொரு 10 ரூபாய்க்கும் 12 அணா. இரண்டுமே 7.5 விழுக்காடாகும். அதற்கு மேல் வீதம் படிப்படியாக இறங்கியது. 1,000 முதல் 5,000 ரூபாய் வரையிலான பகுதிக்கு 100 ரூபாய்க்கு 5 ரூபாய். கட்டணத்தின் உச்ச வரம்பு 3,000 ரூபாய்.

இதன் பொருளைக் கணக்கிட்டால் தெளிவாகும். 500 ரூபாய்க் கடன் வழக்கில் கட்டணம் 37 ரூபாய் 8 அணா. 1,000 ரூபாய் வழக்கில் 75 ரூபாய். 5,000 ரூபாய் வழக்கில் 275 ரூபாய், அதாவது 5.5 விழுக்காடு. 10 லட்சம் ரூபாய் மதிப்புள்ள ஜமீன் வழக்கிலோ 3,000 ரூபாய், 0.3 விழுக்காடு மட்டுமே. வழக்கு சிறிதாக ஆக வீதம் கூடியது. முன்சீப் நீதிமன்றத்தின் வரம்பு 1873ஆம் ஆண்டுச் சென்னை உரிமையியல் நீதிமன்றச் சட்டப்படி 2,500 ரூபாய் வரையே. எனவே திண்டிவனம் போன்ற ஊர்களின் முன்சீப் நீதிமன்றங்களை நாடிய சிறு வழக்காளிகளே மிகுந்த வீதத்தைத் தாங்கினர்.

நிலவழக்கில் மட்டும் ஒரு தளர்வு இருந்தது. அரசுக்குத் தீர்வை செலுத்தும் நிலத்தின் மதிப்பு, அத்தீர்வையின் மடங்காகக் கொள்ளப்பட்டது. நிரந்தரத் தீர்வையாயின் 10 மடங்கு, அல்லாவிடின் 5 மடங்கு. தென்னார்க்காடு பெரும்பாலும் ரயத்துவாரிப் பகுதியாதலின், நிலத்தின் உண்மை விலையைவிட மிகக் குறைந்த மதிப்பின் மீதே கட்டணம் கணக்கிடப்பட்டது. உழவரின் நிலத்தைக் காத்த இத்தளர்வு பிற்காலத்தில் நீங்கியது. சென்னை மாகாணச் சட்டமன்றம் 1922ஆம் ஆண்டின் 5ஆம் சட்டத்தால் கட்டணங்களைத் திருத்தியது.

4. 1955ஆம் ஆண்டுச் சட்டமும் 52ஆம் பிரிவும்

நீதிமன்றக் கட்டணம் அரசியலமைப்பின் ஏழாம் அட்டவணையில் மாநிலப் பட்டியலுக்கு உரியது. உச்சநீதிமன்றக் கட்டணம் மட்டும் விலக்கு. அவ்வதிகாரத்தின் வழியே இயற்றப்பட்டது 1955ஆம் ஆண்டின் 14ஆம் சட்டமாகிய சென்னை நீதிமன்றக் கட்டணம் மற்றும் வழக்கு மதிப்பீட்டுச் சட்டம். இன்று தமிழ்நாடு என்னும் பெயருடன் வழங்குகிறது. இச்சட்டத்தில் 7.5 விழுக்காடு உச்ச வரம்பற்ற பொது வீதமாயிற்று. ஏறுமாறான சுமை நீங்கியது. ஆனால் சிறு வழக்காளியின் வீதம் குறையவில்லை, பெருவழக்காளியின் வீதம் அவர் அளவுக்கு உயர்ந்தது. தீர்வையின் மடங்காக நிலத்தை மதிப்பிடும் முறையும் பின்னர் கைவிடப்பட்டுச் சந்தை மதிப்பே அடிப்படையாயிற்று.

மேல்முறையீட்டுக் கடப்பாட்டை வகுப்பது 52ஆம் பிரிவு. மேல்முறையீட்டின் பொருளுக்கு முதல் நீதிமன்றத்தில் என்ன கட்டணம் உரியதோ அதுவே மேல்முறையீட்டுக்கும் உரியது என்பது அதன் விதி. இதன் விளக்கங்களுள் மூன்று இங்கு முக்கியமானவை.

முதலாவது, கோரிய பரிகாரம் மறுக்கப்பட்டதை எதிர்த்து மேல்முறையீடு செய்தாலும், வழங்கப்பட்டதை எதிர்த்து மேல்முறையீடு செய்தாலும் கட்டணம் ஒன்றே. இரண்டாவது, வழக்குச் செலவுத்தொகை மேல்முறையீட்டின் பொருளாகாது. செலவுத்தொகையையே தனித்து எதிர்த்தால் மட்டும் ஆகும். மூன்றாவது, சந்தை மதிப்பு வழக்கு தாக்கலான நாளின்படியே கொள்ளப்படும். சென்னைக்குச் செல்லும் நெடுஞ்சாலையை ஒட்டிய திண்டிவனம் வட்டாரத்தில் நிலவிலை ஏறிவரும் சூழலில், இம்மூன்றாம் விளக்கம் மேல்முறையீட்டாளருக்குப் பெரும் பாதுகாப்பு. பத்தாண்டு நடந்த வழக்கானாலும் பத்தாண்டுக்கு முந்தைய மதிப்பே கணக்கு.

‘மேல்முறையீட்டின் பொருள்’ என்னும் தொடரும் கருதத்தக்கது. தீர்ப்பின் ஒரு பகுதியை மட்டும் எதிர்ப்பவர் அப்பகுதிக்கு மட்டும் செலுத்தினால் போதும். நில எடுப்பு இழப்பீட்டு வழக்குகளில் 51ஆம் பிரிவு இதே கொள்கையைப் பின்பற்றி, வழங்கிய தொகைக்கும் கோரும் தொகைக்கும் உள்ள வேறுபாட்டின் மீதே கட்டணம் விதிக்கிறது.

சட்டமன்றம் கட்டணத்தை உயர்த்தினால் நிலுவையிலுள்ள வழக்குகளின் நிலை என்ன என்னும் வினாவுக்கு உச்சநீதிமன்றம் 1960இல் சுப்ரீம் ஜெனரல் பிலிம்ஸ் வழக்கில் விடை கூறியது. மேல்முறையீட்டு உரிமை வழக்கு தாக்கலான நாளிலேயே உருவாகிவிடுகிறது. பின்வந்த கட்டண உயர்வு அவ்வுரிமையைக் குறைக்க இயலாது. கட்டணம் வெறும் நடைமுறை அன்று, உரிமையின் அளவையே தொடுவது என்பதை இத்தீர்ப்பு ஏற்றுக்கொண்டது.

5. ஒரு நிலவழக்கின் கணக்கு

பெருமுக்கலில் 8 லட்சம் ரூபாய் சந்தை மதிப்புள்ள புன்செய் நிலம் ஒன்றின் அனுபோகத்தைத் திரும்பப் பெற ஒருவர் வழக்குத் தொடுக்கிறார் எனக் கொள்வோம். 7.5 விழுக்காட்டில் கட்டணம் 60,000 ரூபாய். 2017 மார்ச் 1 முதல் நடைமுறைக்கு வந்த திருத்தச் சட்டம் வீதத்தை 3 விழுக்காடாகக் குறைத்தது. அதன்படி 24,000 ரூபாய். உரிமை விளம்புகையும் உறுத்துக்கட்டளையும் மட்டும் கோரும் வழக்காயின், பாதி மதிப்பின் மீது 12,000 ரூபாய்.

அனுபோக வழக்கில் வாதி வெல்கிறார். பிரதிவாதி முதல் மேல்முறையீடு செய்ய 24,000 ரூபாய் செலுத்த வேண்டும். அதிலும் தோற்று, சட்டப்பொருண்மை மிக்க வினா ஒன்றை எழுப்பி உயர்நீதிமன்றம் சென்றால் மீண்டும் 24,000 ரூபாய். இவ்வாறு வழக்கையே தேடாத ஒருவர் 48,000 ரூபாய் செலுத்துகிறார். வழக்கைத் தேடியவர் செலுத்தியது 24,000 ரூபாய். பழைய வீதத்தில் இத்தொகைகள் முறையே 1,20,000, 60,000 ரூபாய். வீதம் குறைந்தது, விகிதம் மாறவில்லை.

காலவரம்பும் இதனோடு சேர்கிறது. 1963ஆம் ஆண்டுக் காலவரம்புச் சட்டப்படி மாவட்ட அளவிலான மேல்முறையீட்டுக்கு 30 நாட்கள், உயர்நீதிமன்றத்துக்கு 90 நாட்கள். வானம் பார்த்த பூமியில் அறுவடைக்கு முன் தீர்ப்பு வந்தால், முப்பது நாட்களில் இத்தொகையைத் திரட்டுவது கடன் வாங்குவதையோ, வழக்கிலில்லாத வேறு நிலத்தை அடகு வைப்பதையோ குறிக்கும்.

வென்றவர் செலுத்திய கட்டணத்தைத் தோற்றவரிடமிருந்து செலவுத்தொகையாகப் பெறலாமே என்று இதற்கு மறுப்புரை எழலாம். உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 35ஆம் பிரிவு அதற்கு வழி செய்கிறது. ஆயினும் செலவுத்தொகை நீதிமன்றத்தின் விருப்புரிமைக்கு உட்பட்டது; உறவினரிடையேயான வழக்குகளில் அவரவர் செலவை அவரவர் ஏற்க ஆணையிடுவது வழக்கம். மேலும் அது இறுதியில் வரும் தொகை. வாயிலில் நிற்பவருக்குத் தேவைப்படுவது அன்றைய பணம்.

6. கட்டணமா, வரியா

1955ஆம் ஆண்டுச் சட்டத்தின் கட்டணங்கள் ஜெனித் லாம்ப்ஸ் வழக்கில் உச்சநீதிமன்றம் வரை சென்றன. 1973ஆம் ஆண்டுத் தீர்ப்புத் தொகுப்புகளில் இடம்பெற்ற அத்தீர்ப்பு, நீதிமன்றக் கட்டணம் வரியன்று, பணிக்கான கட்டணமே என்று வரையறுத்தது. உரிமையியல் நீதி வழங்கும் செலவோடு அதற்குத் தொடர்பு இருத்தல் வேண்டும். பொது வருவாயைப் பெருக்க அது கருவியாகக் கூடாது. 1988இல் கர்நாடக, ராஜஸ்தான் சட்டங்கள் பற்றிய தீர்ப்பில் உச்சநீதிமன்றம் உச்ச வரம்பற்ற மதிப்புவழிக் கட்டணத்தைச் செல்லும் என ஏற்றது. எனினும் கட்டண முறையைச் சீரமைக்குமாறு மாநிலங்களுக்கு எடுத்துரைத்தது. பின்னர் தமிழ்நாட்டுச் சட்டமும் செல்லும் என்று முடிவாயிற்று. செலவுக்கும் வருவாய்க்கும் துல்லியமான பொருத்தம் தேவையில்லை என்பது அதன் அடிப்படை.

இதற்கு முன்பே, 1958இல், இந்தியச் சட்ட ஆணையத்தின் 14ஆம் அறிக்கை வேறொரு நோக்கை முன்வைத்திருந்தது. நீதி வழங்கலில் அரசு இலாபம் பெறலாகாது. நீதிபதிகளின் ஊதியம் பொது வரி செலுத்துவோரைச் சார வேண்டும். கட்டணத்துக்கு உச்ச வரம்பு வேண்டும் என்பன அதன் கருத்துகள்.

இவ்விவாதங்கள் அனைத்தும் மொத்த வருவாயையும் மொத்தச் செலவையும் பற்றியன. மேல்முறையீட்டைத் தனித்து எடுத்து, அந்நிலையில் நீதிமன்றம் செய்யும் பணி முதல் விசாரணையின் பணிக்கு ஈடாகுமா என்று ஆராயும் போக்கு இவற்றின் மையமாக அமையவில்லை. முதல் நீதிமன்றம் சாட்சிகளை விசாரிக்கிறது, ஆவணங்களைக் குறியிடுகிறது, ஆணையரை நியமித்து நிலத்தை அளக்கச் செய்கிறது. மேல்முறையீட்டு நீதிமன்றம் பெரும்பாலும் அங்கு உருவான பதிவுகளைக் கொண்டே வாதம் கேட்கிறது. கட்டணம் பணிக்கான விலை என்னும் கொள்கையை ஏற்றால், இவ்விரண்டுக்கும் ஒரே விலை என்பது அக்கொள்கைக்கே பொருந்தாது. அது பொருந்துவது 1795ஆம் ஆண்டின் தடைக் கொள்கைக்கு மட்டுமே.

7. சட்டம் தரும் தளர்வுகளும் அவற்றின் எல்லையும்

உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 149ஆம் பிரிவு, குறைவுக் கட்டணத்தைப் பின்னர் செலுத்த நீதிமன்றம் இசைவளிக்க இடம் தருகிறது. இது அவகாசமே அன்றி விலக்கு ஆகாது. 33ஆம் கட்டளை வறியவர் வழக்கையும், 44ஆம் கட்டளை வறியவர் மேல்முறையீட்டையும் பற்றியன. வழக்குச் சொத்து நீங்கலாக வேறு போதிய வழியில்லாதவரே வறியவர். வழக்கில் சேராத அரை ஏக்கர் நிலமும் ஒரு சிறு கடையும் உடையவர் இவ்வரையறைக்குள் எளிதில் வரமாட்டார்; ஆனால் முப்பது நாட்களில் 24,000 ரூபாய் திரட்டவும் இயலாது. கடப்பாட்டின் முழு எடையும் விழுவது இந்த இடைநிலையினர் மீதே.

1987ஆம் ஆண்டுச் சட்டப்பணிகள் ஆணைக்குழுக்கள் சட்டம் பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர் முதலியோர்க்கு வருமானம் கருதாது சட்ட உதவி வழங்குகிறது. மக்கள் நீதிமன்றத்தில் வழக்கு முடிந்தால் கட்டணம் திருப்பித் தரப்படும். தமிழ்நாட்டுச் சட்டத்தின் 69-அ பிரிவு சமரசத் தீர்வுக்கும் இவ்வாய்ப்பை அளிக்கிறது. 2021 பிப்ரவரியில் உச்சநீதிமன்றம் சென்னை உயர்நீதிமன்ற நிர்வாகத்தின் மேல்முறையீட்டைத் தள்ளுபடி செய்து, தரப்பினர் தமக்குள் தனியே செய்துகொண்ட சமரசத்துக்கும் இப்பிரிவு பொருந்தும் என்றது. அவ்வழக்கே மேல்முறையீட்டு நிலையில் முடிந்த ஒன்று. ஆயினும் கட்டணம் திரும்பப் பெற முதலில் அதனைச் செலுத்தியிருக்க வேண்டும்.

நீதிமன்றங்கள் பொருள்கோடலில் வழக்காளி பக்கம் சாய்ந்ததும் உண்டு. 1961இல், கட்டண வினா அடிப்படையில் வாதிக்கும் அரசுக்கும் இடைப்பட்டது. எதிர்த்தரப்பு வழக்கை இழுத்தடிக்க அதனைப் படைக்கலமாக்கலாகாது என்று உச்சநீதிமன்றம் கூறியது. 1978இல், தமிழ்நாட்டிலிருந்து சென்ற பாகப்பிரிவினை வழக்கில் நீதிபதி கிருஷ்ண ஐயர், ஐயம் எழும் இடத்தில் குறைந்த கட்டணமே என்னும் நெறியை வலியுறுத்தினார்.

முடிவுரை

நீதிமன்றக் கட்டணத்தின் நோக்கம் மூன்று படிகளைக் கடந்துள்ளது: வழக்கைத் தடுக்கும் கருவி, அரசின் வருவாய், பணிக்கான கட்டணம். சட்டக் கொள்கை மூன்றாம் படியை எட்டிவிட்டது. மேல்முறையீட்டுக் கடப்பாடோ முதற் படியிலேயே நிற்கிறது. 1870ஆம் ஆண்டின் அட்டவணை முறையீட்டையும் மேல்முறையீட்டையும் ஒரே வரியில் வைத்தது. 1955ஆம் ஆண்டுச் சட்டம் அதனைத் தனிப்பிரிவாக்கி உறுதிசெய்தது. 2017ஆம் ஆண்டுத் திருத்தம் வீதத்தைக் குறைத்து அமைப்பை அவ்வாறே விட்டது.

இவ்வமைப்பால் மிகுதியும் பாதிக்கப்படுபவர் வழக்கைத் தேடாது நிலத்தை மட்டும் காக்க முயலும் பிரதிவாதி. 52ஆம் பிரிவின் முதல் விளக்கம் இருதரப்பையும் சமமாக நடத்துவதாகத் தோன்றினும், வெவ்வேறு நிலையில் உள்ளோர்க்கு ஒரே அளவை விதிப்பது சமமாகாது. முதல் மேல்முறையீட்டுக்கு முதல் நீதிமன்றக் கட்டணத்தில் ஒரு பகுதியை மட்டும் விதிப்பதும், தம் அனுபோகத்தைக் காக்க மேல்முறையீடு செய்யும் பிரதிவாதிக்குத் தவணை வழங்குவதும் பணிக்கட்டணக் கொள்கையோடு இணங்கும் திருத்தங்களாம். முன்சீப்பின் தீர்ப்பு தவறாயின் அதனைத் திருத்தவே மேல் நீதிமன்றம் உள்ளது. அத்தவற்றைச் சுட்டிக்காட்ட வருபவரிடம் வழக்குத் தொடுத்தவருக்குரிய விலையை மீண்டும் கேட்பதற்கு இன்றைய சட்டக் கொள்கையில் இடமில்லை.